ரைட்டர் பாய் ஒருமுறை தட்டினால்

புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்கள் மூன்று பேருக்கும் ஏதாவது எழுதிக் கொடுங்கள் என்று ஆபீசிலிருந்து போன் வந்தது. எதை எழுத? எந்த அகராதி நல்லது, அடிக்குறிப்பு எங்கே போடுவது, ஒரு அரபுச் சொல்லுக்கு நான்கு ஆங்கிலச் சொல் கிடைத்தால் எதை எடுப்பது என்பதெல்லாம் என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். நீங்கள் படித்துப் பட்டம் வாங்கி வந்தவர்கள். நான் ஏற்காட்டில் ஒரு ஹாஸ்டல் பள்ளியில் இங்கிலீஷ் டீச்சராக இருந்து, நடு வயதில் இந்த வேலைக்கு வந்து, போன வருஷம் கண்ணில் புரை விழுந்ததும் போதுமென்று எழுந்து போனவள். குர்ஆனின் பொருளை ஆங்கிலத்தில் சொல்லும் வேலையில் பல வருஷம் உட்கார்ந்திருந்தேன். அதில் ஒரே ஒரு நாள் தடுமாறினேன். அந்த நாளைத்தான் சொல்லப்போகிறேன். பயந்துவிடாதீர்கள். இல்லை, கொஞ்சம் பயப்படுங்கள், இந்த வேலைக்கு அது நல்லது.

நம் ஆபீசில் மூன்று நாற்காலி போட்டு வேலை செய்யும் முறையை உங்களுக்குக் காட்டியிருப்பார்கள். ஒருவர் அரபியில் ஓதுவார். ஒருவர் அதற்கு எழுதிய ஆங்கிலத்தை உரக்கப் படிப்பார். மூன்றாவது ஆள் தாளைப் பார்க்கக்கூடாது, காதால் மட்டும் கேட்க வேண்டும். என் காலத்தில் அந்த மூன்றாவது நாற்காலியில் உட்கார்ந்தவர் ரைட்டர் பாய். ஊரெல்லாம் அவரை அப்படித்தான் கூப்பிடும். கரடியூர்ப் பக்கம் ஒரு காபி எஸ்டேட் ஆபீசில் ரைட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். துரைமார் காலத்துப் பழக்கத்தில் எஸ்டேட் கடிதமெல்லாம் இங்கிலீஷில்தான் போகும், அதனால் இங்கிலீஷ் அத்துப்படி. சின்ன வயதிலேயே குர்ஆன் முழுவதையும் மனப்பாடம் செய்தவர். நோன்பு மாதத்தில் பள்ளிவாசல் இமாமான அஜரத் தொழுகை நடத்தி ஓதும்போது, நேர் பின்னால் நின்று, அவர் எங்காவது தடுமாறினால் எடுத்துக்கொடுக்கிற ஆளும் இவர்தான். எடுத்துக்கொடுத்தே பழகியவரிடம் ஒரு சொல் தப்பிப் போகுமா?

கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பார். கையில் ஒரு மொட்டைப் பென்சில். நான் படிப்பதில் ஏதாவது விட்டுப்போயிருந்தால் மேஜையில் ஒருமுறை தட்டுவார். நானாக ஏதாவது சேர்த்திருந்தால் இரண்டுமுறை தட்டுவார். என்ன விட்டது, எங்கே சேர்த்தது என்று வாயைத் திறந்து சொல்லமாட்டார். நாமே தேடிக் கண்டுபிடிக்க வேண்டும். அவர் தட்டிய இடத்துக்கு நேராக ஓரத்தில் ஒரு புள்ளி வைத்துக்கொள்வேன். மனிதர் தட்டினால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். முப்பது பிள்ளைகளை ஒரு பார்வையில் அடக்கியவளை ஒரு பென்சில் அடக்கினால் எப்படி இருக்கும்?

யாசீன் அத்தியாயத்துக்கு வந்தபோது எங்களுக்குள் பெரிய சண்டை. யாராவது நோயில் கிடந்தாலும் சாகக் கிடந்தாலும் பக்கத்தில் உட்கார்ந்து ஓதுவோமே, அந்த யாசீன்தான். அதில் சொர்க்கத்தில் இருப்பவர்களைச் சொல்லி, அவர்களுக்கு இறைவனிடமிருந்து சலாம் கிடைப்பதைச் சொன்ன கையோடு, குற்றவாளிகளைத் தனியே பிரிந்து நிற்கச் சொல்லும் இடம் வரும். நரகத்தைக் காட்டும் இடம். வாய்க்கு முத்திரை வைத்துவிட்டுக் கையைப் பேசவைப்பதும் காலைச் சாட்சி சொல்லவைப்பதும் அங்கேதான். அந்த ஒரு தாளை நான் எத்தனை விதமாக எழுதினாலும் அவர் தட்டினார். நரகம் வந்தால் என் கை தானாகவே பூசி மெழுகும். இங்கே ஒரு சொல்லை விழுங்கும், அங்கே ஒன்றை மழுப்பும். ஒரு நாள் பொறுக்க முடியாமல் பேனாவை வைத்துவிட்டேன்.

"சின்னப் புள்ளைங்க படிக்கப் போறாங்க பாய். கொஞ்சம் மெதுவா சொன்னா என்ன குடிமுழுகிப் போச்சு?"

"மெதுவா சொல்லுங்க டீச்சர். ஆருங்க வேண்டாங்கறாங்க?" என்றார் கண்ணைத் திறக்காமல். "சொல்லாம மட்டும் உட்றாதீங்க."

அந்தத் தாளின் ஓரம் கடைசியில் கொசு மொய்த்த சுவர்போலப் புள்ளியாகக் கிடந்தது. அவர் தட்டாமல் கேட்டு முடித்த அன்று நான் பெருமூச்சு விட்டது வெளியே வாசலில் இருந்தவர்களுக்கும் கேட்டிருக்கும்.

அந்தப் பிரதி அச்சுக்குப் போவதற்கு முன்பே ரைட்டர் பாய் விழுந்துவிட்டார். காபி உலர்த்தும் களத்தில் நின்று பேசிக்கொண்டிருந்தவருக்கு வலப்பக்கம் இழுத்துக்கொண்டது. பேச்சு போய்விட்டது. சேலத்தில் ஆஸ்பத்திரியில் வைத்துப் பார்த்துவிட்டு, வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள் என்று அனுப்பிவிட்டார்கள். தம்பி மகன் அன்வர் வீட்டில், முன் அறையில், இரும்புக் கட்டிலில் கிடந்தார். இடக்கை மட்டும் கொஞ்சம் அசையும். காது நன்றாகக் கேட்டது. மனைவி போய்ப் பல வருஷம். ஒரே மகள் நசீமா வெளிநாட்டிலிருந்து ஓடி வந்தாள். என் பள்ளியில், என் வகுப்பில் படித்த பெண் அவள்.

அவள் வந்த முதல் இரண்டு நாளுக்குள் வீட்டில் ஒரு பேச்சு எழுந்தது. அத்தா, அதாவது அவள் அப்பா, தேறிவருகிறார் என்று. யார் முதலில் சொன்னார்கள் என்று தெரியாது. அன்வர் சொன்னான், பார்க்க வந்த சொந்தக்காரர்கள் சொன்னார்கள், பால் ஊற்றுகிறவர்கூடச் சொன்னார். நசீமா அதை நம்பினாள். புது வேலை, அதிக லீவு கிடையாது. திரும்பிப் போகும் டிக்கெட்டைத் தள்ளிப்போடலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தவள், தள்ளிப்போட வேண்டாம் என்று முடிவு செய்தாள். அவரை வீட்டுக்குக் கொண்டுவந்த ஒன்பதாம் நாள் வியாழக்கிழமை மதியம் இரண்டு மணிக்குக் கிளம்புவதாக ஏற்பாடு.

அன்று காலையில் எனக்குப் போன் செய்தாள். "டீச்சர், போறதுக்கு முன்னாடி அத்தா பக்கத்துல யாசீன் ஓதச் சொல்லியிருக்கேன். அஜரத் வர்றார். நீங்களும் வந்து அதோட இங்கிலீஷ் படிக்கணும். சின்னதுல அர்த்தம் கேட்டப்பெல்லாம் ஓது, நன்மை கிடைக்கும்னு சொல்லியே வாயை அடைச்சிட்டாங்க. அத்தாவும் நீங்களும் இத்தனை வருஷம் உக்காந்து செஞ்சதை நான் ஒரு வரி கேட்டதில்ல. ஒண்ணையும் விடாம படிங்க."

யாசீன் திருத்தப்பிரதியை எடுத்துக்கொண்டேன். மொத்தம் ஏழு தாள், பின் அடிக்காதது. மஞ்சு இறங்கி நசநசவென்று தூறிக்கொண்டிருந்ததால் பிளாஸ்டிக் உறையில் போட்டு மார்போடு அணைத்துக்கொண்டு போனேன். பன்னிரண்டரைக்கு அன்வர் வீட்டு வாசலில் ஜீப் தயாராக நின்றது. டிரைவர் சின்னசாமி கரடியூர்க்காரர், கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"டீச்சருங்களா, வாங்க. மெயின் ரோட்ல மண்ணு சரிஞ்சு கெடக்குதுங்க. குப்பனூர் வழியாத்தான் எறங்கோணும், நொம்ப நேரம் புடிக்கும். ரெண்டு மணிக்கு மேல ஒரு நிமிசம் ஆனாலும் ஏர்போட்டுக்கு போயிச் சேர முடியாதுங்க. பாப்பாகிட்ட கொஞ்சம் சொல்லி வைங்க."

உள்ளே நுழைந்ததும் அன்வர் என்னைச் சமையலறைப் பக்கம் கூட்டிக்கொண்டு போனான். நல்ல பிள்ளை. ஒன்பது நாளாகப் பெரியத்தாவுக்கு மலஜலம் எடுத்தவன் அவன்தான். முகம் வெளுத்திருந்தது.

"டாக்டரு போன் பண்ணாருங்க. காலைல எடுத்த ரத்தத்துல கிட்னி நின்னு போச்சுன்னு தெரிஞ்சிருச்சாம். இன்னைக்கோ நாளைக்கோதான்னு சொல்றாருங்க."

"நசீமாவுக்கு?"

"சொல்லலீங்க. சொல்ல வேண்டாங்க டீச்சர். சொன்னா அவ போவ மாட்டா. அங்க வேல போயிரும். நேருல பாத்து மனசு ஒடஞ்சு போவா. அத்தா தேறிட்டாருங்கற நெனப்போட போயிட்டா, பொறவு போன்ல பக்குவமா சொல்லிக்கலாங்க. நீங்களும் எதையும் காட்டிக்காதீங்க."

தலையை ஆட்டினேன். எதற்கு ஆட்டினேன் என்று இன்றைக்கும் எனக்கே விளங்கவில்லை. குழாயடியில் கைகால் முகம் கழுவி ஒளு செய்து முக்காட்டைச் சரி செய்துகொண்டு அறைக்குள் போனேன்.

கட்டிலின் ஒரு பக்கம் நசீமா. கையில் கரண்டியும் ஒரு கிண்ணத்தில் மக்காவிலிருந்து வந்த ஜம்ஜம் தண்ணீரும். அத்தாவின் உதட்டை நனைத்துக்கொண்டிருந்தாள். தலைமாட்டில் அஜரத், முப்பது வயதுக்காரர், பயந்த சுபாவம். கால்மாட்டில் எனக்கு ஒரு ஸ்டூல். அன்வர் நிலைப்படியில் நின்றான். ரைட்டர் பாய் கண்ணை மூடியிருந்தார், எங்கள் ஆபீசில் உட்கார்ந்திருப்பாரே, அதே மாதிரி. இடக்கை கட்டிலின் இரும்புக் கம்பிமேல் கிடந்தது. மூச்சு இழுத்து இழுத்து வந்தது.

யாசீனில் ஐந்து பகுதி. அஜரத் ஒரு பகுதி ஓதி நிறுத்துவார், அதற்கு நான் ஆங்கிலம் படிப்பேன், பிறகு அடுத்த பகுதி. முதல் பகுதி நன்றாகப் போயிற்று. இரண்டாவதில் ஊரின் கோடியிலிருந்து ஒரு மனிதர் ஓடிவந்து தன் மக்களிடம் மன்றாடும் இடம். நசீமா கரண்டியை வைத்துவிட்டுக் கேட்டாள். மூன்றாவதில் செத்துக் கிடந்த நிலம் உயிர் பெறுவதும், பேரீச்சையும் திராட்சையும், சூரியனும் நிலாவும் அவரவர் பாதையில் நீந்துவதும் வரும். "எவ்வளவு அழகா இருக்கு அத்தா" என்றாள் அவள் கன்னத்தைத் தடவி.

எனக்கு அழகு எங்கே கேட்டது? என் விரல் அடியிலிருந்த தாள்களை எண்ணிக்கொண்டிருந்தது. நான்காம் பகுதிக்கு இரண்டு தாள். முதல் தாளில் இறுதி நாளில் ஊதப்படும் எக்காளமும் சொர்க்கமும். அடுத்தது அந்தப் புள்ளித் தாள். மனப்பாடம் இருப்பதில் உள்ள தொல்லை இதுதான், பள்ளம் எங்கே இருக்கிறதென்று முன்னாலேயே தெரியும். அஜரத் நான்காம் பகுதியைத் தொடங்கிவிட்டார். அவர் ஒவ்வொரு வசனமாகக் கடந்துகொண்டிருந்தார். இன்றோ நாளையோ போகப்போகிறவர் படுத்திருக்கிறார். ஒன்றும் தெரியாமல் ஒரு மணி நேரத்துக்குள் கிளம்பப்போகிற மகள் கையைப் பிடித்துக்கொண்டிருக்கிறாள். அவள் அத்தாவைப் பற்றிக் கடைசியாகக் காதில் வாங்கிக்கொண்டு போவது நரகமாகவா இருக்க வேண்டும்? கப்பல் ஏறும்போது யாராவது புயலைப் பற்றிப் பேசுவார்களா?

அஜரத் நிறுத்தினார். நான் எக்காளத்தைப் படித்தேன். சொர்க்கத்தில் நிழலில் சாய்ந்திருப்பவர்களைப் படித்தேன். சலாம் வந்தது. அங்கே நின்றேன். புள்ளித் தாளை அப்படியே கடைசித் தாளுக்கு அடியில் செருகினேன். பிறகு அஜரத்தைப் பார்த்து, "ஓதுங்க" என்றேன். அஜரத்துக்கு ஆங்கிலம் தெரியாது. அன்வருக்கு அவ்வளவு வேகமாகப் புரியாது. நசீமாவுக்கு முன்பின் தெரியாது. சாமர்த்தியமாகச் செய்துவிட்டதாக நினைத்தேன்.

அஜரத் கடைசிப் பகுதியைத் தொடங்கினார். இரும்புக் கம்பியில் டொக் என்று ஒரு சத்தம் கேட்டது.

எல்லாரும் திரும்பினோம். ரைட்டர் பாயின் இடக்கை நடுவிரல். மோதிரம் கம்பியில் பட்டிருக்கிறது. அஜரத் சட்டென்று நிறுத்திவிட்டார். அவர் முகத்தில் ஈயாடவில்லை.

"எங்கியோ தப்பு உட்டுட்டேனுங்க" என்றார் மெல்ல. நோன்புக்கு நோன்பு இதே மனிதர் பின்னால் நின்று எடுத்துக்கொடுத்த பழக்கம் அவருக்கு. அந்தப் பகுதியை மறுபடி முதலிலிருந்து ஓத ஆரம்பித்தார், இன்னும் கவனமாக, எழுத்து எழுத்தாக.

மறுபடியும் ஒரு தட்டு. ஒன்றே ஒன்று.

"அது தானா இழுக்குதுங்க, நரம்பு" என்றான் அன்வர். "டாக்டரு அப்பிடி வரும்னு சொன்னாரு. நீங்க ஓதுங்க அஜரத்."

அஜரத் ஓதவில்லை. குர்ஆனை விரித்து, விரல் வைத்து, வரி வரியாகப் பார்க்கத் தொடங்கினார். நெற்றியில் வேர்த்துவிட்டது. "சரியாத்தானுங்க இருக்குது. எனக்கு ஒண்ணும் தெரியலீங்களே. ரைட்டர் பாய் சும்மா தட்ட மாட்டாருங்க." பாவம். ஒரு தப்பும் செய்யாத பிள்ளை என் தப்பைத் தன் வாயில் தேடிக்கொண்டிருந்தது.

அந்த நேரத்தில் என் மனதில் என்ன ஓடியது என்று மறைக்காமல் சொல்கிறேன். நரம்பு என்று அன்வர் சொல்லிவிட்டான். எனக்கு வழி கிடைத்துவிட்டது. பேசாமல் இருந்தால் போதும். அஜரத் ஓதி முடிப்பார், நான் கடைசித் தாளைப் படிப்பேன், இரண்டு மணிக்கு ஜீப் கிளம்பும், யாருக்கும் ஒரு குறையும் இல்லை. இந்த வேலையில் தவறு செய்கிறவளுக்கு இப்படி ஒரு வழி எப்போதும் திறந்தே இருக்கும். மூலத்தையும் மொழிபெயர்ப்பையும் சேர்த்துக் கேட்கிற காது உலகத்தில் சிலவே உண்டு. அந்த அறையில் இருந்தது ஒரே ஒரு காது, அதுவும் நாளைக்கு இருக்காது.

விரல் மறுபடி எழும்பியது. மிகவும் சிரமப்பட்டு எழும்பியது. மூன்றாவது முறை தட்டினார்.

"அஜரத், நிறுத்துங்க. தப்பு உங்க மேல இல்ல" என்றேன். "என்னைத்தான் தட்டறாரு. நான் ஒரு தாளை விட்டுட்டேன்."

நசீமா என்னை நிமிர்ந்து பார்த்தாள். "தெரியாமலா டீச்சர்?"

"தெரிஞ்சுதான் கண்ணு."

தாளை அடியிலிருந்து உருவினேன். உருவும்போது மற்றவை தரையில் சிதறின, அவற்றை அப்படியே விட்டேன். அந்த ஒன்றைப் படித்தேன். பிரிந்து நில்லுங்கள் என்று குற்றவாளிகளுக்குச் சொல்லப்படுவதை, எச்சரித்தும் கேளாதவர்களுக்குக் காட்டப்படும் நெருப்பை, முத்திரையிடப்பட்ட வாயை, பேசும் கைகளை, சாட்சி சொல்லும் கால்களை. மெதுவாகப் படித்தேன். ஒரு சொல்லையும் விடவில்லை. கைகள் பேசும் என்ற இடத்தில் கம்பிமேல் கிடந்த அந்தக் கையைப் பார்த்துவிட்டுத் தொடர்ந்தேன். படித்து முடித்தபோது ரைட்டர் பாயின் விரல் கம்பிமேல் சும்மா கிடந்தது.

நசீமா அழுவாள் என்று எதிர்பார்த்தேன். அழவில்லை. கையை நீட்டித் தாளை வாங்கிப் பார்த்தாள்.

"இது என்ன, ஓரத்துல இவ்வளவு புள்ளி?"

"ஒவ்வொண்ணும் உங்க அத்தா தட்டுனது. இந்த ஒரு தாளுக்கு மட்டும்."

அவள் சிரித்தாள். அந்த வீட்டில் ஒன்பது நாளில் முதல் சிரிப்பு அதுவாகத்தான் இருக்கும். "எனக்கு லெட்டர் எழுதுனா, அதுல அடிச்சுத் திருத்தி மறுபடி எழுதி அனுப்புற ஆளு. அத்தா, உங்களுக்கு இப்பக்கூட விட மனசில்லையா?" என்று அவர் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். பிறகு தாளை என்னிடம் நீட்டினாள். நான் வாங்கிய பிறகும் தாளை விடவில்லை. நேராக என் கண்ணைப் பார்த்தாள்.

"டீச்சர், வேற எதையாவது விட்டிருக்கீங்களா?"

வெளியே சின்னசாமி ஒருமுறை ஹாரன் அடித்தார். நிலைப்படியில் அன்வர், யாருக்கும் தெரியாமல், வேண்டாம் என்று தலையசைத்தான். அவன் கண்ணில் தண்ணீர் நின்றது. அவன் கெட்டவன் இல்லை என்று மறுபடியும் சொல்கிறேன், அவன் செய்ததும் நான் தாளைச் செருகியதும் ஒரே காரியம்தான்.

"விட்டிருக்கேன்" என்றேன். "டாக்டர் காலைல போன் பண்ணாரு. கிட்னி நின்னு போச்சாம். இன்னைக்கோ நாளைக்கோன்னு சொல்லியிருக்காரு. அத்தா தேறலை கண்ணு."

ரைட்டர் பாய் காதிலும் விழும்படித்தான் சொன்னேன். வேறு எப்படிச் சொல்வது? நசீமா அத்தாவின் கையை மெல்லக் கட்டிலில் வைத்தாள். எழுந்து வாசலுக்குப் போனாள். சன்னல் வழியாகப் பேச்சு கேட்டது.

"அண்ணா, நான் இன்னைக்குப் போகல."

"போவலீங்களா?" சின்னசாமி கதவைச் சாத்துகிற சத்தம் கேட்டது. "நல்லதுங்க சாமி. எனக்கும் மனசே ஒப்பலீங்க. பொட்டிய எறக்கி உள்ள வெச்சர்றனுங்க."

அவள் திரும்பி வந்து உட்கார்ந்தாள். அன்வரைப் பார்த்து, இங்கே வந்து உட்காரு என்று பக்கத்தில் இடம் காட்டினாள். அவன் தரையில் உட்கார்ந்து கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதான். அஜரத் கடைசிப் பகுதியை ஓதி முடித்தார். நான் கீழே சிதறியதிலிருந்து கடைசித் தாளை எடுத்து அதற்கான ஆங்கிலத்தைப் படித்தேன். மக்கிப்போன எலும்புக்கு யார் உயிர் கொடுப்பார் என்ற கேள்வியும் அதற்கான பதிலும் அதில் வரும். யாரும் தட்டவில்லை.

மறுநாள் வெள்ளிக்கிழமை, மாலை அசர் தொழுகைக்குக் கொஞ்சம் முன்பு ரைட்டர் பாய் போய்விட்டார். மகள் உதட்டை நனைத்துக்கொண்டிருக்கும்போதே போனார். நசீமாவுக்கு அந்த வேலை போய்விட்டது, நாலைந்து மாசத்தில் வேறு கிடைத்தது. அன்வர் ரொம்ப நாளைக்கு என்னோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. பிறகு ஒரு நாள் பஸ் ஸ்டாண்டில் பார்த்துத் தானாகவே வந்து என் பையை வாங்கிக்கொண்டான். யாசீன் அந்தத் தாளோடு, ஒரு எழுத்தும் மாறாமல் அச்சானது. நீங்கள் இப்போது கையில் வைத்துப் பழகும் பதிப்பு அதுதான்.

இதிலிருந்து உங்களுக்கு நான் சொல்லக்கூடியது ஒன்றுதான். கஷ்டமான இடம் வரும்போது, கேட்கிறவர் தாங்கமாட்டார் என்று உங்களுக்குத் தோன்றும். அப்போது கொஞ்சம் நிறுத்தி, தாங்காதது அவரா நீங்களா என்று பாருங்கள். என் விஷயத்தில் அது நான்தான். நசீமா தாங்கினாள். படுத்துக் கிடந்தவர் தாங்கினார். ஸ்டூலில் உட்கார்ந்திருந்தவள்தான் தாளை ஒளித்தாள்.

இதோடு முடித்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன். நேற்றுச் சாயங்காலம் இதை உரக்கப் படித்துப் பார்த்தேன். எழுதியதை உரக்கப் படிக்காமல் வெளியே விடுவது என் வழக்கமில்லை. கேட்பதற்கு யாரும் இல்லை, மூன்றாவது நாற்காலி இல்லை. ஆனால் ஓர் இடத்தில் என் வாய் தானாக நின்றது. மறுபடி படித்தேன், மறுபடியும் அங்கேயே நின்றது.

அத்தா தேறிவருகிறார் என்ற பேச்சை யார் முதலில் சொன்னார்கள் என்று தெரியாது என மேலே எழுதியிருக்கிறேன். தெரியும். நான்தான் சொன்னேன். நசீமா வந்து இறங்கிய அன்று அவள் அத்தாவைப் பார்ப்பதற்கு முன்பே என்னைத்தான் வாசலில் பார்த்தாள். என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, "எப்படி இருக்கார் டீச்சர்?" என்று கேட்டாள். நான் அப்போதுதான் உள்ளே போய்ப் பார்த்துவிட்டு வந்திருந்தேன். அவர் தேறவில்லை என்று எனக்கு நன்றாகத் தெரியும். "தேறிட்டு வர்றாரு கண்ணு" என்றேன். டீச்சரே சொல்லிவிட்டார்கள் என்று அன்வர் அதைப் பிடித்துக்கொண்டான், அவனிடமிருந்து ஊருக்குப் போயிற்று. டிக்கெட்டை அவள் தள்ளிப்போடாதது அந்த வார்த்தையை நம்பித்தான்.

வேற எதையாவது விட்டிருக்கீங்களா என்று அவள் கேட்டபோது டாக்டர் சொன்னதைச் சொன்னேன். இதைச் சொல்லவில்லை. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் எனக்குப் போன் செய்கிறாள். அந்த வீட்டுலயே நீங்க ஒருத்தர்தான் டீச்சர் எங்கிட்ட உண்மைய சொன்னீங்க என்பாள். நான் ஒவ்வொரு வாரமும் அதைக் கேட்டுக்கொண்டு சும்மா இருக்கிறேன்.

இன்றைக்குச் சனிக்கிழமை.